ரோமத்தின் பின்னே ஓடிய சங்கம்: லண்டன் ஃபெல்ட் தொப்பிக்காரர்களின் வரலாறு

வானொலி நேயர்களுக்கு வணக்கம்.

மெத்தைக்குப் பஞ்சு அடிப்பவர் தோளில் ஒரு பெரிய வில்லைச் சுமந்துகொண்டு தெருவில் வருவதைப் பார்த்திருப்பீர்கள். நாணைத் தட்டினால் கட்டிப்போய்க் கிடந்த பஞ்சு துள்ளிப் பிரிந்து புகைபோல் எழும்பும். ஏறத்தாழ அதே வில்தான் லண்டனில் பல தலைமுறைகளாகத் தொப்பித் தொழிலின் முதல் கருவி. அங்கே அடித்தது பஞ்சை அல்ல. ஆட்டுக் கம்பளியை, முயல் ரோமத்தை, பீவர் என்ற நீர்வாழ் விலங்கின் அடிரோமத்தை அடித்தார்கள். அந்த வில்லைப் பிடித்தவர்கள் கூடி அமைத்த சங்கத்தின் வரலாறுதான் இன்றைய பேச்சு.

அந்தச் சங்கத்துக்குப் பெயர் 'ஃபெல்ட்மேக்கர்ஸ் கம்பெனி'. கம்பெனி என்றதும் பங்குதாரர்களும் ஆண்டு லாபமும் உள்ள நிறுவனம் என்று எண்ணிவிட வேண்டாம். அந்நாளில் லண்டனில் ஒரே தொழில் செய்தவர்கள் கூடி, அரசரிடம் பட்டயம் வாங்கி, தங்கள் தொழிலைத் தாங்களே ஆண்டுகொண்ட குழுவுக்குக் கம்பெனி என்று பெயர். யார் தொழில் பழகலாம், எத்தனை ஆண்டு பழக வேண்டும், எந்தச் சரக்கு நல்லது, எதைப் பறிமுதல் செய்வது என்பதையெல்லாம் அந்தக் குழுதான் முடிவு செய்தது. இந்தக் கம்பெனிக்கு முதலாம் ஜேம்ஸ் அரசர் பட்டயம் கொடுத்த ஆண்டு 1604.

சங்கம் எதற்காக இத்தனை சண்டை போட்டது என்பது விளங்க வேண்டுமானால், முதலில் ஃபெல்ட் என்றால் என்ன என்று தெரிந்திருக்க வேண்டும். ஆகவே கொஞ்ச நேரம் பட்டறைக்குள் போவோம்.

ஃபெல்ட்டில் நூல் இல்லை, நெசவும் இல்லை. விலங்கின் ரோமம் ஒவ்வொன்றின் மேலும் மீன் செதில்போல நுண்ணிய செதில்கள் உண்டு. அவை நுனியைப் பார்த்துச் சாய்ந்திருக்கும். வெந்நீரில் நனைத்துப் பிசைந்தால் ரோமம் தன் வேர்ப்பக்கமாக மட்டும் நகரும். பின்னால் வர முடியாமல் செதில் தடுத்துவிடும். ஆயிரக்கணக்கான ரோமங்கள் இப்படி ஒன்றுக்குள் ஒன்று புகுந்து மாட்டிக்கொண்டால், கிழிக்க முடியாத ஒரு கெட்டித் தகடு கிடைக்கும். ஐரோப்பியத் தொப்பிக்காரர்கள் தங்கள் காவலராகக் கொண்டாடியவர் புனித கிளமென்ட், நவம்பர் 23 அவருடைய திருநாள். நடைப்பயணத்தில் கால் நோகாமல் இருக்க அவர் செருப்புக்குள் கம்பளியை வைத்துக்கொண்டார் என்றும், ஊர் போய்ச் சேர்ந்தபோது அது ஃபெல்ட் ஆகியிருந்தது என்றும் ஒரு கதை உண்டு. கதை எப்படியோ, செய்முறை சரிதான். ஈரம், சூடு, அழுத்தம், அசைவு என்ற நான்கும் சேர்ந்தால் கம்பளி இறுகும்.

பட்டறையில் முதல் வேலை வில்லடிப்பது. ஏழடிக்குக் குறையாத மரக்கழி, அதில் விலங்குக் குடலால் முறுக்கிய நாண். கூரையிலிருந்து கயிற்றில் தொங்கும் அந்த வில்லை இடக்கையில் பிடித்துக்கொண்டு, வலக்கையில் உள்ள மரக்குமிழால் நாணை இழுத்து விடுவார்கள். கீழே பலகையில் இருக்கும் ரோமம் தெறித்துப் பறந்து, ஒரு பக்கமாக மெல்லிய மேகம்போல் படியும். பலகையில் இடைவெளி விட்டிருப்பார்கள், தூசி அதன் வழியே கீழே விழும். இந்த வேலைக்குக் காற்று எதிரி. சன்னல் சற்றுத் திறந்திருந்தாலும் ரோமம் கலைந்து, ஓரிடத்தில் தடிப்பும் ஓரிடத்தில் ஓட்டையும் விழும். அதனால் வில்லடிக்கும் அறையை எப்போதும் அடைத்தே வைத்திருப்பார்கள். இந்த அடைத்த சன்னலை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு இதற்குத் திரும்பி வருவோம்.

படிந்த ரோமத்தை முக்கோணமாக ஒதுக்கி, ஈரத்துணியால் மூடி, கையால் அழுத்தி ஆட்டுவார்கள். அது இரு கையால் தூக்கும் அளவுக்குப் பிடித்துக்கொள்ளும். இப்படி இரண்டு முக்கோணங்கள் வேண்டும். ஒன்றின் மேல் ஒன்றை வைத்து ஓரங்களை மட்டும் சேர்த்தால் கூம்பு வடிவில் ஒரு பை கிடைக்கும். நடுவில் ஒரு காகிதமோ துணியோ வைக்க மறக்கக் கூடாது. மறந்தாலோ, வேலையின் நடுவே அது நழுவினாலோ, உள்பக்கங்கள் இரண்டும் ஒட்டிக்கொள்ளும். அதைப் பிரிக்கவே முடியாது, சரக்கு வீண். ஓரம் சேரும் இடம் தடித்தால் தொப்பியில் தழும்புபோலத் தெரியும். மெலிந்தால் பிறகு அங்கேதான் கிழியும். பையை ஒரே மடிப்பில் நீண்ட நேரம் வைத்துப் பிசைந்தால் மடிப்பும் அப்படியே இறுகிவிடும். ஆகவே மடிப்பை மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும்.

அடுத்தது கொப்பரை வேலை. நடுவில் வெந்நீர்க் கொப்பரை, அதைச் சுற்றிச் சரிவான பலகைகள், பலகைக்கு ஓர் ஆள். நீர் ஏறக்குறையக் கொதிநிலையில் இருக்கும். பழைய நாளில் திராட்சை மதுவின் வண்டலைக் கலந்தார்கள், பிறகு அதற்குப் பதிலாகச் சிறிதளவு கந்தக அமிலம். பையை நனைத்து, சுருட்டி, உருட்டி, பிரித்து, மறுபடி நனைத்து, மணிக்கணக்கில் இதே வேலை. உள்ளங்கை வேகாமலிருக்கத் தோல் உறை போட்டுக்கொள்வார்கள். தொடக்கத்தில் தேவையைப் போல இரண்டு மடங்கு அளவில் இருந்த பை, முடிவில் பாதியாகச் சுருங்கி, விரல்களுக்கு நடுவில் வைத்தால் கெட்டியாக நிற்கும். சுருக்கத்தில் அவசரப்பட்டுப் பாதியில் நிறுத்திய தொப்பி கடையில் அழகாகத்தான் இருக்கும். முதல் மழையில் வாங்கியவரின் தலையிலேயே அது மீதிச் சுருக்கத்தை முடித்துக்கொள்ளும். சங்கத்துப் பரிசோதகர்கள் தேடிப் பிடித்த குற்றங்களில் இப்படிப்பட்டவை முக்கியமானவை. கண்ணுக்குத் தெரியாத குற்றம் என்பதால்தான் தொழில் தெரிந்தவரே பரிசோதிக்க வேண்டும் என்று வாதாடினார்கள். அந்த வாதத்தில் நியாயம் இருந்தது.

பிறகு மர அச்சில் ஏற்றித் தலையும் விளிம்பும் பிரிப்பது, சாயம் போடுவது, விறைப்பு ஏற்றுவது, தேய்த்து மெருகிடுவது. கறுப்புச் சாயத்துக்கு மத்திய அமெரிக்காவிலிருந்து வந்த லாக்வுட் மரச்சீவலைக் கொதிக்கவைத்து, அதில் அன்னபேதியும் தாமிரக் களிம்பும் சேர்த்தார்கள். ஒரே முழுக்கில் கறுப்பு ஏறாது. முக்கி எடுத்துக் காற்றில் ஆறவிட்டு, திரும்ப முக்கிப் பல தடவை செய்தால்தான் நிறம் உள்ளே பிடிக்கும். அன்னபேதி கூடினால் ரோமம் முறுகலாகி உதிரும், குறைந்தால் வெயிலில் செம்பழுப்பு அடிக்கும். விறைப்புக்கு முதலில் தச்சர் பயன்படுத்தும் வச்சிரப் பசைதான் இருந்தது. மழையில் அது இளகினால் விளிம்பு காதில் வந்து தொங்கும். 19-ஆம் நூற்றாண்டில் நம் நாட்டிலிருந்து கப்பலில் போன அவலரக்கு அந்த இடத்தைப் பிடித்தது. அரக்கு தண்ணீருக்கு அசையாது. ஆனால் அளவு மிஞ்சினால் விளிம்பு வெடிக்கும், முகப்புப் பக்கம் கசிந்தால் வெள்ளை வெள்ளையாகத் திட்டு விழும்.

பட்டறையை இவ்வளவு விரிவாகச் சொன்னதற்குக் காரணம் உண்டு. இந்த வேலையில் கருவிகள் மிக எளியவை. வில், கொப்பரை, பலகை, அச்சு, அவ்வளவுதான். இவை ஏழைக் கைவினைஞரிடமும் இருந்தன. அவரிடம் இல்லாதது ரோமம். ரோமம் கடல் கடந்து வந்தது, அதை மொத்தமாக வாங்கப் பெரும் பணம் வேண்டும். இந்தச் சங்கத்தின் வரலாறு முழுவதையும் ரோமம் யார் கையில் இருந்தது என்ற ஒரே கேள்வியால் படிக்கலாம் என்பது என் கருத்து. ரோமம் மாறியபோதெல்லாம் சட்டம் அதன் பின்னே ஓடியது, ஒருமுறைகூட முந்தியதில்லை.

லண்டன் தொப்பிக்காரர்களின் விதிகள் 1604-க்கு வெகு முன்பே தொடங்குகின்றன. 1347-ஆம் ஆண்டின் விதிகள் இன்றும் படிக்கக் கிடைக்கின்றன. தொழிலில் நேர்மையான 6 பேர் உறுதிமொழி எடுத்துத் தொழிலைக் கண்காணிக்க வேண்டும். 7 ஆண்டுக்குக் குறைவாக யாரையும் தொழில் பழக எடுக்கக் கூடாது. இரவில் வேலை செய்யக் கூடாது, பகல் வெளிச்சத்தில்தான் செய்ய வேண்டும். இரவு வேலைக்குத் தடை ஏன்? மெழுகுவத்தி வெளிச்சத்தில் தடிப்பும் மெலிவும் தெரியாது, கெட்ட சரக்கை மறைப்பதும் எளிது.

அதே காலத்தில் பின்னல் குல்லாய் செய்பவர்கள் தனிக் கூட்டம். கம்பளியைப் பின்னி, பிறகு தண்ணீரில் மிதித்துத் தடிப்பாக்குவது அவர்கள் வேலை. தண்ணீரால் ஓடும் ஆலையில் போட்டு இடிக்கத் தொடங்கியபோது, கையும் காலும் செய்த வேலை போய்விடுமே என்று முறையிட்டார்கள். 1480-களில் பாராளுமன்றமே ஆலையில் இடிக்கத் தடை போட்டது. பிறகு, 1500-களின் தொடக்கத்தில், தொப்பிக்காரர்களும் குல்லாய்க்காரர்களும் ஹேபர்டாஷர்ஸ் என்ற பெரிய வணிகர் சங்கத்தோடு இணைந்தார்கள். தொப்பி, நாடா, ஊசி, பொத்தான் விற்கும் கடைக்காரர்களின் சங்கம் அது. செய்பவரும் விற்பவரும் ஒரே கூரைக்குக் கீழ் வந்தால் யார் கை ஓங்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

16-ஆம் நூற்றாண்டில் ஐரோப்பியக் கண்டத்திலிருந்து ஃபெல்ட் தொப்பி மோகம் இங்கிலாந்துக்கு வந்தது. பின்னல் குல்லாய் விலை போகவில்லை. 1571-இல் பாராளுமன்றம் ஒரு விசித்திரமான சட்டம் போட்டது. ஆறு வயதுக்கு மேற்பட்டவர்கள் ஞாயிற்றுக்கிழமைகளிலும் திருநாள்களிலும் இங்கிலாந்தில் செய்த கம்பளிக் குல்லாய் அணிய வேண்டும். தவறினால் நாளொன்றுக்கு 3 ஷில்லிங் 4 பென்ஸ் அபராதம். பிரபுக்கள், நிலமுள்ள கனவான்கள், கன்னியர், சீமாட்டிகள் போன்றோருக்கு விலக்கு. வசதி உள்ளவர் விருப்பம்போல் ஃபெல்ட் அணியலாம், உழைப்பவர் மட்டும் குல்லாய்க்காரர்களைக் காப்பாற்ற வேண்டும் என்பது இதன் பொருள். 26 ஆண்டு இழுத்துப் பார்த்து 1597-இல் கைவிட்டார்கள்.

ஃபெல்ட் தொப்பிக்காரர்களுக்கோ வாடிக்கையாளர் பெருகினார்கள், வருமானம் பெருகவில்லை. கம்பளியை இறக்குமதி செய்தது ஹேபர்டாஷர் வணிகர், தொப்பியைக் கொள்முதல் செய்ததும் அவரே. அழுக்கும் மணலும் கலந்த கம்பளியை அதிக விலைக்கு விற்கிறார்கள், தொப்பியை அடிமாட்டு விலைக்குக் கேட்கிறார்கள் என்பது அவர்களுடைய ஓயாத புகார். தனிச் சங்கம் வேண்டும் என்று எலிசபெத் அரசி காலத்திலேயே கேட்டார்கள். ஹேபர்டாஷர்கள் எதிர்த்தார்கள். 1604 பட்டயம் அந்த நெடிய போராட்டத்தின் பலன். ஆனால் அரசர் பட்டயம் கொடுத்தும் லண்டன் நகரசபை உடனே அவர்களைத் தன் சங்கங்களில் ஒன்றாக ஏற்கவில்லை. அங்கே ஹேபர்டாஷர்களுக்குச் செல்வாக்கு அதிகம்.

பட்டயம் கிடைத்த சில ஆண்டுகளில் அவர்கள் செய்த ஒரு முயற்சி என்னை இன்றும் வியக்க வைக்கிறது. கூட்டு முதல் ஒன்றைத் திரட்டி, கைவினைஞர்கள் செய்யும் தொப்பிகளைச் சங்கமே வாங்கிக்கொண்டு விற்பது, இடையில் இருக்கும் வணிகரை விலக்குவது என்பது அந்தத் திட்டம். இன்று கூட்டுறவுச் சங்கம் என்று சொல்கிறோமே, கிட்டத்தட்ட அதுதான். அது நிலைக்கவில்லை. பணம் போட முன்வந்தவர்கள் லாபம் தேடிய வெளியாட்கள். கடனுக்குக் காத்திருக்க முடியாத கைவினைஞருக்கு அன்றாடம் காசு வேண்டும். கையில் முதல் இல்லாதவர்களின் கூட்டுறவுக்கு அன்றும் அதே நோய்தான்.

ஏட்டில் இருந்த விதிகளைப் பார்ப்போம். 1566-இலும் 1604-இலும் வந்த சட்டங்கள் 7 ஆண்டுப் பயிற்சியைக் கட்டாயமாக்கின. ஒரு பட்டறைக்காரர் ஒரே நேரத்தில் 2 பயிலாளர்களுக்கு மேல் வைத்துக்கொள்ளக் கூடாது என்பது தொழிலின் ஆணிவேரான விதி. பயிலாளருக்குச் சோறும் தங்குமிடமும் உண்டு, கூலி கிடையாது. இரண்டுக்கு மேல் வைத்தால் இலவச உழைப்பைக் கொண்டே பட்டறையை ஓட்டிவிடலாம், பயிற்சி முடித்துக் கூலிக்கு வேலை செய்யும் ஜர்னிமேன்கள் தெருவில் நிற்பார்கள். ஆக, இந்த எண் தரத்தை மட்டுமா காத்தது? கூலியையும் காத்தது. அதனால்தான் பின்னாளில் சங்கத்தின் முதலாளிகள் இந்த விதியை உடைக்கப் பார்த்தார்கள், தொழிலாளர்கள் அதைப் பிடித்துக்கொண்டு தொங்கினார்கள்.

இப்போது பீவர். ஆட்டுக் கம்பளியைவிட நுண்ணிய, செதில் நன்றாக எழும்பிய அடிரோமம் அதற்கு. மெல்லிய, பளபளப்பான, மழைக்கு அசையாத தொப்பி அதில்தான் வரும். ஐரோப்பாவில் பீவர் வேட்டையாடி ஏறக்குறைய முடிந்துபோனது. வட அமெரிக்காவிலிருந்து தோல்கள் வரத் தொடங்கின. அவற்றில் இரண்டு வகை. பழங்குடி மக்கள் ஓரிரு ஆண்டு உடுத்திய பின் விற்ற தோல் ஒன்று. உடுத்தி உடுத்தி மேலிருக்கும் முரட்டு முடி உதிர்ந்து, உடல் எண்ணெய் ஏறி, அடிரோமம் தயாராக இருக்கும். இது விலை உயர்ந்தது. மற்றொன்று உரித்துக் காயவைத்த தோல். அதில் முரட்டு முடியை ஒவ்வொன்றாகப் பிடுங்க வேண்டும். அடிரோமத்தைச் சீவி எடுக்கும் நுட்பம் ரஷ்யர்களிடம் நெடுநாள் இருந்ததால், தோல்களை அங்கே அனுப்பித் திரும்ப வாங்கியதும் உண்டு. 1670-இல் இரண்டாம் சார்லஸ் அரசர், வட அமெரிக்காவில் ரோம வணிகம் செய்த ஹட்சன் பே கம்பெனிக்குப் பட்டயம் கொடுத்ததற்குப் பின்னால் இருந்தது இந்தத் தொப்பி ரோமம்தான். அவரே 1667-இல் ஃபெல்ட்மேக்கர்ஸ் கம்பெனிக்குப் புதிய பட்டயமும் கொடுத்திருந்தார்.

விலை ஏறியதும் கலப்படம் வந்தது. கம்பளியிலோ முயல் ரோமத்திலோ உடலைச் செய்து, மேலே மட்டும் மெல்லிய பீவர் பூச்சு. ஏமாற்றாமல் விற்றால் இதற்கு 'டெமி-காஸ்டர்', அதாவது அரை பீவர், என்று பெயர். முழு பீவர் என்று விற்பதும் நடந்தது. 1638-இல் முதலாம் சார்லஸ் அரசர் பீவர் தொப்பியில் பீவர் தவிர வேறு எதையும் கலக்கக் கூடாது என்று ஆணையிட்டார். அது நிற்கவில்லை. ஆனால் இந்தப் பூச்சு வேலையின் நுட்பம் சொல்லத் தக்கது. பாதி இறுகிய உடலின் மேல் பீவர் ரோமத்தைப் பரப்பி, கொப்பரை நீரில் நனைத்து மெதுவாக வேலை செய்தால், அது வேர்ப்பக்கமாக உள்ளே இறங்கி, நுனி வெளியே தெரிய நிற்கும். அங்கே நிறுத்திவிட வேண்டும். இன்னும் கொஞ்சம் உழைத்தால் விலை உயர்ந்த பீவர் முழுவதும் உடலைத் துளைத்து மறுபக்கம் போய்விடும். வெளியே முயல், உள்ளே பீவர்! பீவர் ரோமங்கள் தங்களுக்குள்ளேயே சிக்கிக்கொள்ளாமல் இருக்கப் பஞ்சு சிறிது கலப்பார்கள். பஞ்சுக்குச் செதில் இல்லாததால் அது ஒட்டாமல் கடைசியில் உதிர்ந்துவிடும்.

சங்கத்துக்குள்ளே விரிசல் 1696-இல் வெடித்தது. தொப்பிக்கு இவ்வளவு என்று கூலியைச் சங்கத்தின் மேலிடம் நிர்ணயித்தது. மேலிடத்தில் இருந்தவர்கள் முதலாளிகள். குறைந்த கூலியை ஏற்க மாட்டோம் என்று ஜர்னிமேன்கள் தங்களுக்குள் நிதி சேர்த்து நின்றார்கள். குறைந்த கூலிக்குப் போன ஒருவரை வேலையிலிருந்தே பிடித்து, தள்ளுவண்டியில் ஏற்றி, லண்டனிலும் சதர்க்கிலும் முக்கியத் தெருக்களில் ஊர்வலம் விட்டார்கள். அதைச் சரி என்று சொல்ல மாட்டேன். ஆனால் தொழிற்சங்கம் என்ற சொல்லே பிறக்காத காலத்தில், நிதி, ஒற்றுமை, கட்டுப்பாடு என்று அதன் எல்லா உறுப்புகளும் அங்கே இருந்தன. பயிற்சி முடித்தால் ஒருநாள் நாமும் முதலாளி ஆவோம் என்ற பழைய நம்பிக்கை உடைந்த இடமும் அதுதான்.

1685-இல் பிரான்சில் புராட்டஸ்டன்டுகளுக்கு இருந்த உரிமையைப் பறித்தபோது ஹியூகனாட் எனப்பட்ட அந்தப் பிரெஞ்சுப் புராட்டஸ்டன்டுகளில் தொப்பிக்காரர்கள் பலர் லண்டனுக்கு அருகே வாண்ட்ஸ்வொர்த்தில் வந்து குடியேறி, தங்கள் கைத்திறனால் பேர் வாங்கினார்கள். உள்ளூர்க்காரர்களுக்குப் போட்டி கூடியது. தேம்ஸின் தென்கரையில் சதர்க், பெர்மண்ட்சி பகுதிதான் தொழிலின் நடுவம். தோல் பதனிடும் தொட்டிகளும், தண்ணீரும், நாற்றத்தைப் பொறுத்துக்கொள்ளும் அக்கம்பக்கமும் அங்கே இருந்தன.

அடுத்த அச்சம் கடலுக்கு அப்பால். அமெரிக்கக் குடியேற்றங்களில் பீவர் வாசலிலேயே கிடைத்தது. அங்கேயே தொப்பி செய்து விற்கத் தொடங்கினார்கள். லண்டன் சங்கம் பாராளுமன்றத்தில் முறையிட்டது. 1732-இல் தொப்பிச் சட்டம் வந்தது. குடியேற்றங்களில் செய்த தொப்பியை வேறு நாட்டுக்கோ, பக்கத்துக் குடியேற்றத்துக்கோகூட அனுப்பக் கூடாது. அங்கும் 7 ஆண்டுப் பயிற்சி, அங்கும் 2 பயிலாளர்கள்தான். கறுப்பின மக்களை இந்தத் தொழிலில் சேர்க்கவே கூடாது. தன் ஊர்க் கைவினைஞரைக் காக்க எழுதிய ஒரு விதி, கடல் தாண்டியதும் இன்னொருவரின் வயிற்றில் அடிக்கும் சட்டமாக மாறியது. சங்கத்தின் வரலாற்றில் இது கறை. ஆண்டு விழாப் பேச்சுகளில் இதை விட்டுவிடுவது நேர்மையல்ல.

மறு ஆண்டே, 1733-இல், ஃபெல்ட்மேக்கர்ஸ் கம்பெனிக்கு நகரசபை லிவரி உரிமை கொடுத்தது. சங்கத்துக்கென்று சீருடை, ஊர்வலத்தில் இடம், நகரத் தேர்தலில் வாக்கு என்பவை அதில் அடங்கும். 129 ஆண்டு காத்திருந்து பெற்ற மரியாதை. ஆனால் 1777-இல் பாராளுமன்றம் பயிலாளர் எண்ணிக்கைக்கு இருந்த வரம்பை நீக்கியது. கூலிக்காகத் தொப்பித் தொழிலாளர் கூட்டுச் சேர்வதையும் தடை செய்தது. சங்கத்தின் கையில் இருந்த சட்டம் போய்விட்டது. 1784 முதல் 1811 வரை தொப்பிக்கு வரியும் இருந்தது. 4 ஷில்லிங்குக்குக் கீழ் 3 பென்ஸ், விலை 12 ஷில்லிங்கைத் தாண்டினால் 2 ஷில்லிங். உள் துணியில் முத்திரைத் தாள் ஒட்ட வேண்டும். பழைய தொப்பியில் அந்தத் தாள் இருந்தால் காலத்தைக் கணிக்க அதைவிட நல்ல அடையாளம் கிடையாது.

இனி அந்த அடைத்த சன்னலுக்குத் திரும்புவோம். பீவர் அருகிப்போகவே, 18-ஆம் நூற்றாண்டில் முயல் ரோமத்தின் பக்கம் தொழில் திரும்பியது. முயல் ரோமம் நேராகவும் வழுவழுப்பாகவும் இருப்பதால் தானாக இறுகாது. பாதரசத்தை நைட்ரிக் அமிலத்தில் கரைத்து, நீர் சேர்த்து, தோலின் மேல் தூரிகையால் தேய்த்துச் சூட்டறையில் உலர்த்தினால், ரோமத்தின் நுனி சுருண்டு செதில் எழும்பும். நுனி கேரட் நிறத்துக்கு மாறுவதால் இந்த வேலைக்கு 'கேரட்டிங்' என்று பெயர். கரைசல் கடுமையானால் ரோமம் ஒடியும், நீர்த்தால் ரோமம் இறுகாது. அளவு சரியாக இருந்தால் மலிவான முயல் ரோமமும் பீவரைப் போல் வேலை செய்யும். தொழிலுக்கு இது பெரிய வரம்.

உலர்த்தும் அறையில் பாதரச ஆவி. வில்லடிக்கும் அறையில், சன்னலைத் திறக்க முடியாத அந்த அறையில், பாதரசம் படிந்த தூசி. கொப்பரையில் ஆவி, இஸ்திரி போடும் மேசையில் மறுபடி ஆவி. ஈறு வீங்கும், எச்சில் ஒழுகும், பல் ஆடும். விரல் நடுக்கம் கைக்கும் காலுக்கும் பரவும், எழுத்துக் கோணலாகும். கூச்சம், எரிச்சல், ஆள்களைக் கண்டால் அச்சம் என்று மனமும் மாறும். ஆங்கிலத்தில் தொப்பிக்காரனைப் பித்தனோடு சேர்த்துப் பேசும் வழக்கு உண்டு. அதன் மூலம் எதுவானாலும், நோய் உண்மை. அமெரிக்காவில் கனெக்டிகட் மாநிலத்தின் தொப்பி நகரமான டான்பரியில் இதற்கு 'டான்பரி நடுக்கம்' என்றே பெயர். பயிற்சிக்கு 7 ஆண்டு, பட்டறைக்கு 2 பயிலாளர், வேலைக்குப் பகல் வெளிச்சம், தொப்பிக்கு முழு பீவர் என்று நான் இதுவரை சொன்ன விதிகள் எல்லாம் சரக்கையும் கூலியையும் எண்ணிக்கையையும் பற்றியவை. அந்த அறையின் காற்றைப் பற்றி ஒன்றும் இல்லை. அமெரிக்கத் தொப்பித் தொழிலில் பாதரசம் நின்றது 1941 டிசம்பரில்தான். அதன் இடத்தில் ஹைட்ரஜன் பெராக்சைடு கலந்த கரைசல்கள் வந்தன.

லண்டனில் தொழில் மெல்லக் கரைந்தது. கூலி குறைந்த வடக்கே, ஸ்டாக்போர்ட்டுக்கும் டெண்டனுக்கும் வேலை போனது. 1830-களிலிருந்து பட்டுத் தொப்பி பீவரைத் தள்ளியது. 1846-இல் அமெரிக்காவில் ஹென்றி வெல்ஸ் காப்புரிமை பெற்ற எந்திரம் வில்லுக்கு விடை கொடுத்தது. துளைகள் உள்ள செப்புக் கூம்பு சுழலும், உள்ளிருந்து காற்றை உறிஞ்சும், ரோமம் தானாகப் பறந்து வந்து அதன் மேல் சீராகப் படியும். வெந்நீர் தெளித்தால் கூம்போடு கழற்றி எடுக்கலாம். இரண்டு முக்கோணங்களும் நடுக் காகிதமும் ஓரத் தழும்பும் அதோடு போயின. நவீன ரோமத் தொப்பி ஒன்றுக்கு ஏறக்குறைய 100 முதல் 150 கிராம் ரோமம்தான் செலவு. 1872-இல் டெண்டனில் ஜர்னிமேன்கள் தங்கள் தொழிற்சங்கத்தை அமைத்தார்கள். கூலி, பயிலாளர் எண்ணிக்கை என்று பழைய சங்கம் கைவிட்ட வேலைகளை அவர்கள்தான் எடுத்துக்கொண்டார்கள்.

ஃபெல்ட்மேக்கர்ஸ் கம்பெனி இன்றும் இருக்கிறது. லண்டன் சங்கங்களின் வரிசையில் 63-ஆவது இடம். தொப்பி வடிவமைக்கும் மாணவர்களுக்குப் போட்டி நடத்துகிறது, அறப்பணி செய்கிறது. புதிதாகப் பதவியேற்கும் லண்டன் லார்ட் மேயருக்கு, தீக்கோழி இறகு சூட்டிய மும்முனைத் தொப்பியை வழங்கும் உரிமை அதனுடையது.

கடைசியாக ஒரு நடைமுறைச் செய்தி. வெளிநாட்டு ஏலத்திலோ, பழம்பொருள் கடையிலோ, நாடகக் குழுவின் பெட்டியிலோ 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதிக்கு முந்தைய ரோம ஃபெல்ட் தொப்பி உங்கள் கைக்கு வந்தால், அதில் பாதரசம் இன்னும் இருக்கலாம். அருங்காட்சியகங்களில் சோதித்துக் கண்டிருக்கிறார்கள். வடிவம் சரிசெய்யக் கெட்டில் ஆவியில் காட்டாதீர்கள், தூரிகையால் தட்டாதீர்கள், தலையில் வைத்துப் பார்க்காதீர்கள். கையுறை போட்டு எடுத்து, மூடிய பையில் வைத்து, உள்ளே என்ன இருக்கிறது என்று மேலே எழுதி ஒட்டுங்கள். வெயில் படும் சன்னலோரத்திலும் குழந்தைகள் கைக்கு எட்டும் இடத்திலும் வேண்டாம்.

நன்றி, வணக்கம்.